ஒட்டுக்கேட்டது போதும், நடிகரைப் பார்ப்போம்: திரைப்படச் சங்கத்தாருக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள திரைப்படச் சங்க ஒருங்கிணைப்பாளர்களுக்கு,

வணக்கம். பத்தொன்பது வருஷமாகச் சந்தா கட்டிவரும் உறுப்பினன் எழுதுகிறேன். பின்வரிசையில், ஏசிக்கு நேர் கீழே, கழுத்தில் மஃப்ளரோடு உட்கார்ந்திருப்பவன் என்றால் ஆள் யாரென்று தெரிந்துவிடும். நேரில் சொல்லியிருக்கலாம். ஆனால் இதே அறிமுக உரையை வேறு இரண்டு ஊர்ச் சங்கங்களிலும் கேட்டுவிட்டேன். ஆகவே எல்லோருக்குமாகச் சேர்த்தே எழுதிவிடலாம் என்று உட்கார்ந்தேன்.

போன மாதம் ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ போட்டீர்கள். ஸ்டாசி எனப்படும் கிழக்கு ஜெர்மனி ரகசியப் போலீஸின் அதிகாரி ஒருவர், ஒரு நாடகாசிரியர் வீட்டை ஒட்டுக்கேட்கிற ஜெர்மன் படம். எனக்குத் தெரிந்து நம் சங்கத்தில் இது நான்காவது முறை. நல்ல படம், நாற்பது முறை போடலாம், அதில் வழக்கில்லை. படத்துக்கு முன்னால் ஒரு நண்பர் இருபத்தைந்து நிமிஷம் பேசினார். அதில் பாதிக்கு மேல் ஒரே விஷயம்தான். “படத்தில் ஒட்டுக்கேட்பவராக நடிக்கிறாரே, அந்த உல்ரிச் மூஹேயை நிஜ வாழ்க்கையில் அவருடைய மனைவியே ஸ்டாசிக்காக உளவு பார்த்தார்!” அரங்கம் முழுக்க ‘த்சொ’ கொட்டியது. எனக்கு முன்னால் இருந்த பெண், பக்கத்தில் இருந்தவரிடம், “படத்தைவிட இது நல்லாருக்கே” என்றார். விளக்கை அணைத்தீர்கள்.

முதலில் அந்த விஷயத்தை முடித்துவிடுகிறேன். மூஹேயின் இரண்டாவது மனைவி ஜென்னி க்ரோல்மன். அவரும் பெயர் பெற்ற நடிகை. படத்தை ஒட்டி வந்த புத்தகத்தில் இருந்த பேட்டியில், க்ரோல்மன் ஸ்டாசிக்குத் தகவல் கொடுப்பவராக இருந்தார் என்று மூஹே சொன்னார். ஸ்டாசி ஆவணக் காப்பகத்தில் க்ரோல்மன் பெயரில் கோப்பு இருந்தது உண்மை. ஆனால், தெரிந்து எதையும் சொன்னதில்லை என்று அவர் உறுதியாக மறுத்தார், நீதிமன்றத்துக்குப் போனார். அப்படிச் சொல்லக் கூடாது என்று பெர்லின் நீதிமன்றம் மூஹேக்குத் தடை போட்டது. வழக்கில் மூஹே தோற்றார். க்ரோல்மன் 2006 ஆகஸ்டில் புற்றுநோயில் இறந்தார். கடைசிவரை மறுத்தார். யார் சொன்னது உண்மை என்று தீர்ப்புச் சொல்ல நானும் ஆள் இல்லை, மைக் பிடித்த நண்பரும் ஆள் இல்லை. சம்பந்தப்பட்ட கணவரே சொல்லக் கூடாது என்று கோர்ட் நிறுத்திய ஒன்றை, நாம் சமோசாவுக்கும் டீக்கும் நடுவில், நடந்தே தீர்ந்த சங்கதியாகச் சொல்லிக்கொண்டிருக்கிறோம்.

இதில் எனக்கு வயிற்றெரிச்சல் வேறு ஒன்று. அடுத்தவர் வீட்டுச் சுவருக்குள் மைக் வைத்துப் படுக்கையறை வரை கேட்பது எவ்வளவு கேவலம் என்று இரண்டேகால் மணி நேரம் சொல்கிற படம் அது. அதற்குக் கூட்டத்தைச் சூடேற்ற அடுத்தவர் படுக்கையறைக் கதையையே எடுத்து விடுகிறோம். அந்த மனிதர் முகத்தால் என்ன செய்தார், எங்கிருந்து வந்தார், வேறு எதில் நடித்தார் என்று ஒரு வார்த்தை கிடையாது. முப்பது வருஷத் தொழில் ஒரு வம்புக்குள் அடங்கிப்போகிறது.

என் பிழைப்பைப் பற்றி இங்கே கொஞ்சம் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் அடுத்து நான் சொல்லப்போவது விளங்காது. நான் டப்பிங் தியேட்டரில் சவுண்ட் இன்ஜினியராக இருந்து ஓய்வு பெற்றவன். கன்சோல் முன்னால் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பூத்தில் நிற்பவர்கள் மூச்சு விடுவதைக்கூடக் கேட்டுக்கொண்டே என் ஆயுசில் பாதி போனது. ஹெட்போன் போட்டவன் முகம் எப்படி இருக்கும் என்பது எனக்குத் தெரியும். சினிமாவில் அதை எப்படிக் காட்டுவார்கள் என்பதும் தெரியும்: தலையைச் சாய்ப்பார்கள், புருவத்தைச் சுருக்குவார்கள், ஒரு கையால் காதை அமுக்கிக்கொள்வார்கள். நிஜத்தில் அப்படி யாரும் செய்வதில்லை. உன்னிப்பாகக் கேட்பவனின் முகம் காலியாகிவிடும். கண் ஏதோ ஒரு மூலையில் நிற்கும், ஆனால் அந்த மூலையைப் பார்க்காது. வாய் லேசாகத் திறந்திருப்பதே அவனுக்குத் தெரியாது. என் மனைவி ஒரு தடவை தியேட்டருக்கு வந்து என்னைப் பார்த்துவிட்டு, “செத்தவன் மாதிரி உட்கார்ந்திருந்தீங்க, பயந்துட்டேன்” என்றாள்.

அந்த முகத்தை முதல்முதலாகத் திரையில் பார்த்தது மூஹேயிடம்தான். மாடிப் பரணில் நாற்காலி போட்டு, சாம்பல் நிற ஜாக்கெட்டின் ஜிப்பைக் கழுத்துவரை இழுத்துவிட்டுக்கொண்டு, அந்தப் படத்தின் காப்டன் வீஸ்லராகக் கேட்கிறாரே, அதுதான். கீழே பியானோ வாசிக்கிறார்கள். இவர் கன்னத்தில் கண்ணீர் இறங்குகிறது. கண்ணீர் வந்ததும் முகம் மாறியிருக்க வேண்டும் அல்லவா? மாறவில்லை. கண்ணீர் அதன்பாட்டுக்கு இறங்குகிறது, முகம் இன்னும் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறது. அன்றைக்கு வீட்டுக்குப் போனதும் இந்த ஆள் யார் என்று தேட ஆரம்பித்தேன். தேடினதைத்தான் உங்களுக்குச் சொல்ல வருகிறேன்.

மூஹே 1953 ஜூன் 20 அன்று கிழக்கு ஜெர்மனியின் சாக்சனிப் பகுதியில் க்ரிம்மா என்ற சிற்றூரில் பிறந்தவர். அப்பாவுக்கு விலங்கு ரோமத்தில் கோட்டும் தொப்பியும் தைக்கிற தொழில். ‘மூஹே’ என்றால் ஜெர்மனில் சிரமம், பிரயாசை, பாடு. பெயருக்கேற்ற வாழ்க்கைதான். பள்ளி முடித்ததும் கட்டட வேலைக்குப் பயிற்சி எடுத்தார். பிறகு கட்டாய ராணுவச் சேவை. அவரைக் கொண்டுபோய் நிறுத்திய இடம் பெர்லின் சுவர். தாண்டி ஓட முயல்கிறவர்களைச் சுடும் பொறுப்புள்ள எல்லைக் காவலர்களில் ஒருவராக, இருபது வயதை ஒட்டிய பையன் துப்பாக்கியோடு நின்றான். யாராவது ஓடி வந்துவிட்டால் என்ன செய்வது என்ற பயத்திலேயே நின்ற பையனுக்கு வயிற்றில் புண் வந்தது, பணியிலிருந்து விடுவித்தார்கள். அந்த வயிறு பின்னாலும் இந்தக் கதையில் வரும்.

அங்கிருந்து லைப்சிக் நாடகக் கல்லூரி, 1975 முதல் 1979 வரை. அந்த நாட்டில் நடிப்பு என்பது நான்கு வருஷம் உட்கார்ந்து படிக்கிற படிப்பு. முடித்தால் ஏதாவது ஒரு நகராட்சி நாடக அரங்கில் மாதச் சம்பளத்துக்குச் சேரலாம். மூஹேயும் கார்ல் மார்க்ஸ் ஷ்டாட் நகர அரங்கில் சேர்ந்தார். அந்த ஊர் இப்போது பழையபடி கெம்னிட்ஸ் ஆகிவிட்டது. நாடகாசிரியர் ஹைனர் முல்லர் அவரை அடையாளம் கண்டு, 1982-ல் பெர்லின் ஃபோல்க்ஸ்ப்யூனெ அரங்கில் தன் ‘மேக்பத்’துக்கு அழைத்துக்கொண்டார். அடுத்த வருஷமே டாய்ச்சஸ் தியேட்டர். கிழக்கு ஜெர்மனியில் அதற்கு மேலே ஓர் அரங்கு இல்லை. கூடவே அந்த நாட்டு அரசு ஸ்டுடியோவான டெஃபாவின் சினிமாக்கள். 1985-ல் வந்த ஒரு படத்தில் மனம் பேதலித்த கவிஞர் ஹோல்டர்லினாக நடித்தார். கவிஞரின் காதலியாக நடித்தவர் ஜென்னி க்ரோல்மன். வம்பு பேசுகிறவர்கள் இந்தப் படத்தை ஒரு முறை பார்த்துவிட்டுப் பேசலாம்.

இனி 1989 இலையுதிர் காலம். இதை மட்டும் நான் விலாவாரியாகச் சொல்ல விடுங்கள்.

டாய்ச்சஸ் தியேட்டரில் அப்போது முல்லரும் மூஹேயும் ‘ஹாம்லெட்’ ஒத்திகையில் இருந்தார்கள். ஷேக்ஸ்பியரின் நாடகத்துக்குள் முல்லரின் சின்னப் பிரதியான ‘ஹாம்லெட் மெஷின்’ஐச் செருகி, ஏறக்குறைய எட்டு மணி நேரம் ஓடுகிற மேடையேற்றம். உள்ளே ஒரு நாடு அழுகிப்போவதை ஒத்திகை பார்த்துக்கொண்டிருக்கும்போதே வெளியே ஒரு நாடு சரிந்துகொண்டிருந்தது. அக்டோபர் 28 அன்று அதே அரங்கில் மூஹே மேடையேறி ஒரு புத்தகத்தை வாசித்தார். 1950-களில் பொய்க் குற்றச்சாட்டில் ஐந்து வருஷத் தண்டனை விதிக்கப்பட்ட பதிப்பாளர் வால்டர் யாங்காவின் நினைவுக்குறிப்பு அது. அந்த நாட்டில் அதுவரை வாய்விட்டுச் சொல்ல முடியாதவற்றை ஒரு நடிகர், பயிற்சி பெற்ற குரலில், அரங்கு கொள்ளாத கூட்டத்துக்கு வாசித்துக்காட்டினார்.

ஒரு வாரம் கழித்து, நவம்பர் 4. பெர்லின் அலெக்சாண்டர்பிளாட்ஸ் சதுக்கத்தில் லட்சக்கணக்கானவர்கள் கூடினார்கள். அந்த நாட்டில் அரசு தானாகக் கூட்டாமல், அனுமதி மட்டும் கொடுத்து நடந்த முதல் பெரிய ஆர்ப்பாட்டம். ஏற்பாடு செய்தவர்கள் நாடகக்காரர்கள். தொடக்கத்திலேயே மேடையேறியவர்கள் நடிகை யோஹன்னா ஷாலும் மூஹேயும். கோஷம் எதுவும் போடவில்லை. நாட்டின் அரசியல் சட்டத்தையே எடுத்துப் படித்தார்கள். 27-ஆவது பிரிவு கருத்துச் சுதந்திரம், 28-ஆவது பிரிவு கூட்டம் கூடும் உரிமை. ஏட்டில் நாற்பது வருஷமாக எழுதி வைத்திருப்பதைச் சும்மா உரக்க வாசிப்பதே கலகமாகிவிடுகிற நாடுகள் உண்டு.

அதே மேடையில் அன்று பேச வந்த இன்னொருவர் மார்கஸ் வோல்ஃப். ஸ்டாசியின் வெளிநாட்டு உளவுப் பிரிவைப் பல காலம் நடத்திய தலைவர். கூட்டம் ஊளையிட்டது. நினைத்துப் பாருங்கள்: உலகமே ‘ஸ்டாசி அதிகாரி’ என்று அடையாளம் காணப்போகிற முகமும், நிஜமான ஸ்டாசி ஜெனரலின் முகமும் ஒரே நாளில் ஒரே மேடையில். ஐந்து நாள் கழித்து, நவம்பர் 9 இரவு, சுவர் திறந்தது. ஒரு காலத்தில் காவலுக்கு நிறுத்தப்பட்டவர் அதைத் திறக்கவைத்த கூட்டத்தில் நின்றவராகவும் ஆனார். உங்கள் அறிமுக உரையில் இது ஒரு வரிகூட வரவில்லையே, ஐயா!

சுவர் விழுந்த பிறகு கிழக்கத்திய நடிகர்கள் பலருக்குப் பிழைப்பே போயிற்று. டெஃபா விற்கப்பட்டது. அரங்குகள் சுருங்கின. மூஹேக்கு அந்தக் கஷ்டம் வரவில்லை, காரணம் 1989-லேயே மேற்கு ஜெர்மனியின் பெர்ன்ஹார்ட் விக்கி எடுத்த ‘டாஸ் ஷ்பின்னன்நெட்ஸ்’ என்ற சிலந்திவலைப் படத்தில் கதாநாயகனாக நடித்திருந்தார். முதல் உலகப் போருக்குப் பிறகு, பதவிக்காக எதையும் செய்கிற லெப்டினன்ட். அந்தப் படம் கான் விழாவுக்கே போனது. 1992-ல் ‘ஷ்டோங்க்!’. ஹிட்லரின் டைரி கிடைத்துவிட்டது என்று ஒரு ஜெர்மன் பத்திரிகை 1983-ல் போலி நோட்டுகளைக் கோடிக்கணக்கில் கொடுத்து வாங்கி ஏமாந்ததே, அதைப் பற்றிய நையாண்டி. மூஹே அதில் பத்திரிகை நிறுவனத்தின் மேலாளர். சிரிக்காமல் சிரிக்கவைக்கிற வேலை.

அடுத்து ஆஸ்திரிய இயக்குநர் மைக்கேல் ஹானெக்கே. நம் சங்கத்தில் ஹானெக்கே என்றாலே இயக்குநரின் ‘கொடூரமான நிதானம்’ பற்றித்தான் பேச்சு. அந்த நிதானத்தைச் சுமக்கிற உடம்பு யாருடையது என்று கேட்பதில்லை. ‘பென்னிஸ் வீடியோ’வில் பள்ளிக்கூடப் பையன் வீட்டுக்கு வந்த சிறுமியைக் கொன்றுவிட்டு, பதிவான டேப்பைப் பெற்றோருக்குப் போட்டுக் காட்டுகிறான். அப்பாவாக மூஹே. கத்தவில்லை, அடிக்கவில்லை. பையனைத் தூங்கச் சொல்லிவிட்டு, வருமானவரிக் கணக்குப் பார்ப்பவர் மாதிரி யோசிக்க ஆரம்பிக்கிறார்: போலீசுக்குச் சொன்னால் என்ன ஆகும், சொல்லாவிட்டால் என்ன செய்ய வேண்டும், அதற்கு எத்தனை நாள் பிடிக்கும். நடுத்தர வர்க்கத்து அப்பன் ஒருவன் தன் குடும்பத்தைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு பிசாசாக மாறுவதைக் குரலை ஒரு சுருதிகூட ஏற்றாமல் செய்திருப்பார். ஒலிப்பதிவாளன் என்ற முறையில் சொல்கிறேன், அந்தக் காட்சிக்கு மீட்டர் ஊசியே ஆடியிருக்காது.

1997-ல் ‘ஃபன்னி கேம்ஸ்’. விடுமுறை வீட்டுக்குள் நுழைகிற இரண்டு இளைஞர்கள் ஆரம்பத்திலேயே கோல்ஃப் மட்டையால் அவர் காலை உடைத்துவிடுகிறார்கள். மீதிப் படம் முழுக்க அந்த அப்பாவால் எழுந்து நிற்கக்கூட முடியாது. நம் ஊரில் ஒரு நாயகனிடம் போய், “சார், முதல் ரீலில் உங்க கால் போயிடும், அப்புறம் நீங்க சோபாவிலேயே கிடக்கணும், குடும்பத்தைக் காப்பாத்தவும் மாட்டீங்க” என்று சொல்லிப் பாருங்கள். அவருக்கு மனைவியாக நடித்த சுசான்னெ லோத்தார், நிஜத்திலும் மனைவி. இருவரும் அதே இயக்குநரின் ‘டாஸ் ஷ்லாஸ்’ என்ற காஃப்கா படத்திலும் நடித்தார்கள். தொலைக்காட்சிக்காக எடுத்த படம் அது. காஃப்கா நாவலை முடிக்காமல் விட்ட இடத்தில், பாதி வாக்கியத்தில், படமும் நின்றுவிடும்.

தொலைக்காட்சி என்று சொன்னதும் உங்களில் இரண்டு பேர் முகம் சுளிப்பது இங்கிருந்தே தெரிகிறது. ‘சீரியல் நடிகர்’ என்பதை வசைச் சொல்லாகவே வைத்திருக்கும் சங்கம் நம்முடையது. ஜெர்மன் வீடுகளில் மூஹேயைத் தெரியவைத்தது ஹானெக்கேயோ ஆஸ்கரோ இல்லை. 1998-லிருந்து இசட்.டி.எஃப். தொலைக்காட்சியில் ஓடிய ‘டெர் லெட்ஸ்டெ ட்சொய்கெ’. ‘கடைசிச் சாட்சி’ என்று பொருள். பெர்லினில் பிணக்கூறு பார்க்கும் டாக்டர் ராபர்ட் கோல்மார்தான் நாயகன். கொலை நடந்துவிட்டது, யாரும் பார்க்கவில்லை, மிச்சமிருக்கிற ஒரே சாட்சி மேஜை மேல் கிடக்கிற உடம்பு. அது சொல்வதைக் கேட்கத் தெரிந்தவர் இவர். ஒன்பது வருஷம், எழுபதுக்கு மேற்பட்ட பகுதிகள். மூஹே இறந்தபோது தொடரும் நின்றது.

கேட்கத் தெரிந்தவர் என்று எழுதும்போதே கை நிற்கிறது. வாரா வாரம் பிணத்தின் முன்னால் குனிந்து, அசையாமல், பேசாததைக் கேட்கிறவராக நடித்த மனிதர்தான் இடையில் பரணேறி உட்கார்ந்து உயிருள்ளவர்களை ஒட்டுக்கேட்டார். அந்தத் தொடரில் ஒரு பகுதியைப் பார்க்காமல் வீஸ்லரின் காதைப் புரிந்துகொள்ள முடியாது என்று நான் நினைக்கிறேன். மிகையாகத் தோன்றினால் விட்டுவிடுங்கள். ஆனால் பார்த்துவிட்டு விடுங்கள்.

2002-ல் கோஸ்டா காவ்ராஸின் ‘ஆமென்’ படத்தில் நாஜி மருத்துவர். யூதர்களைக் கொல்ல விஷவாயு போவதைக் கண்டு மனசாட்சி குத்துகிற அதிகாரியாக உல்ரிச் டூகுர். நான்கு வருஷம் கழித்து அதே இருவர் ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’-ல் இடம் மாறி உட்காருகிறார்கள்: மனசாட்சி மூஹேக்கு, பதவி ஆசை டூகுருக்கு. ஜெர்மன் சினிமாவைத் தொடர்ந்து பார்க்கிறவனுக்குக் கிடைக்கிற சின்னச் சின்ன லாபம் இது. ஒரு தொலைக்காட்சிப் படத்தில் கோயபல்ஸாகவும் அவனுக்கு அச்சாக இருக்கிற யூதராகவும் இரட்டை வேடம். ‘மைன் ஃப்யூரர்’ நையாண்டியில் ஹிட்லருக்குப் பேச்சுப் பயிற்சி கொடுக்க வதைமுகாமிலிருந்து இழுத்துவரப்படுகிற யூத நடிகர். தன் நாட்டின் நூறு வருஷத்தில் அத்தனை பக்கமும் நின்று பார்த்துவிட்டார்.

இப்போது நீங்கள் போட்ட படத்துக்கு வருகிறேன். எழுதி இயக்கிய ஃப்ளோரியன் ஹென்கல் ஃபோன் டோனர்ஸ்மார்க் 1973-ல் மேற்கே கொலோனில் பிறந்தவர். அவருக்கு அது முதல் முழுநீளப் படம். கிழக்கு ஜெர்மனியில் வாழ்ந்து அடிபட்டவர் சிலருக்கு அந்தக் கதைமேல் கோபம் இருந்தது. ஸ்டாசியின் பழைய ஹோஹன்ஷோன்ஹவுசன் சிறையில், இப்போது நினைவகமாக இருக்கும் இடத்தில், படம்பிடிக்க அனுமதி கேட்டபோது அந்த நினைவகத்தின் தலைவர் மறுத்துவிட்டார். ஒட்டுக்கேட்கப்போன ஸ்டாசி அதிகாரி மனம் மாறி, கேட்கப்படுகிறவரைக் காப்பாற்றுவதா, அப்படி ஒருவன் இருந்ததே இல்லையே என்பது ஆட்சேபம். நியாயமான ஆட்சேபம்தான். திரைக்கதையில் அங்கே ஒரு பள்ளம் இருக்கிறது. வீஸ்லர் ஏன் மாறினார் என்பதற்குக் காகிதத்தில் இருப்பது ஒரு பியானோ இசை, ஒரு கவிதைப் புத்தகம், மேலதிகாரிகள் மேல் கொஞ்சம் அருவருப்பு. இதை வைத்துக்கொண்டு ஒருவன் மாறிவிடுவானா?

லிஃப்ட் காட்சியை மட்டும் திரும்ப ஓட்டிப் பாருங்கள். வீஸ்லர் தன் குடியிருப்பின் லிஃப்டில் ஏறுகிறார். பந்தோடு ஒரு சின்னப் பையனும் ஏறுகிறான். நீங்கள் ஸ்டாசி ஆளா என்று கேட்கிறான், அவர்கள் கெட்டவர்கள் என்று அப்பா சொன்னதாகவும் சொல்கிறான். பழைய வீஸ்லர் உடனே வாயைத் திறக்கிறார். உன் அப்பா பெயர் என்ன என்பதுதான் வரப்போகிற கேள்வி, உங்களுக்கும் எனக்கும் தெரியும். பாதிக் கேள்வி வெளியே வந்துவிட்டது. அங்கே நிற்கிறார். எதன் பெயர் என்று பையன் கேட்க, பந்தின் பெயர் என்ன என்று முடிக்கிறார். பந்துக்கு ஏது பெயர் என்கிறான் பையன்.

அந்த நிறுத்தத்தில் மூஹே எதையும் ‘காட்டுவதில்லை’. எச்சில் விழுங்கல் இல்லை, பெருமூச்சு இல்லை. இருபது வருஷப் பழக்கத்தில் தானாக வெளியே வந்த வாக்கியம் வாசல்படியில் இடறி நிற்கிறது, அவ்வளவுதான். அந்த நொடியில், தன் வாய் என்ன செய்யவிருந்தது என்பது அந்த மனிதருக்கே முதல்முறையாகக் காதில் விழுகிறது. அத்தனை காலமும் மற்றவர்களை ஒட்டுக்கேட்டவர் தன்னைத் தானே ஒட்டுக்கேட்டுவிட்டார். திரைக்கதைப் பள்ளத்தை அந்த முகம் நிரப்பிவிடுகிறது. அப்படி ஒரு ஆள் இருந்திருக்க முடியாது என்று சொல்லத் தெரிந்தவர்களையும் இரண்டேகால் மணி நேரத்துக்கு நம்பவைத்துவிடுகிறது.

இந்த வேஷத்துக்கு எப்படித் தயார் செய்தீர்கள் என்று கேட்டவர்களுக்கு மூஹே சொன்ன பதில், நினைவுபடுத்திக்கொண்டேன் என்பதுதான். 1992-ல் ஸ்டாசி ஆவணங்களைச் சம்பந்தப்பட்டவர்கள் பார்க்கலாம் என்று திறந்துவிட்டார்கள். அடுக்கி வைத்தால் 111 கிலோமீட்டர் நீளம் வருகிற காகிதம். அவருக்கும் அதில் ஒரு கோப்பு இருந்தது. தன்னுடைய நாடகக் குழுவிலேயே நான்கு பேர் தன்னைக் கண்காணித்திருக்கிறார்கள் என்று அதிலிருந்து தெரிந்துகொண்டதாகச் சொல்லியிருக்கிறார். கூட நடித்தவர்கள், ஒத்திகை முடிந்து ஒன்றாகக் குடித்தவர்கள். நடிகர் ஒருவருக்கு இதைவிடப் பெரிய அடி என்ன இருக்க முடியும்? தனக்கு எதிரே நிற்பவர் நடிக்கிறார் என்பது மேடையில் மட்டும்தான் என்று நம்பித்தானே இந்தத் தொழிலே நடக்கிறது.

2006-ல் ஜெர்மன் திரைப்பட விருது, அதே வருஷம் சிறந்த நடிகருக்கான ஐரோப்பிய விருது. 2007 பிப்ரவரியில் படத்துக்கு ஆஸ்கர். அந்த மேடையின் கீழே உட்கார்ந்திருந்தபோது அவர் வயிற்றில் புற்றுநோய் இருந்தது. ஊருக்குத் திரும்பியதும் அறுவைச் சிகிச்சை. ஜூலை 22, 2007 அன்று வால்பெக் கிராமத்தில் இறந்தார். வயது ஐம்பத்து நான்கு. சுசான்னெ லோத்தாரும் 2012-ல் போய்விட்டார். க்ரோல்மனுக்கும் மூஹேக்கும் பிறந்த மகள் அன்னா மரியா மூஹே இன்று ஜெர்மனியில் நல்ல நடிகை. நாம் மைக்கில் சொல்லும் கதை அந்தப் பெண்ணின் அப்பா அம்மா கதை என்பதையும் யாராவது யோசிக்க வேண்டும்.

என் கோரிக்கை இதுதான். எப்போதும் இயக்குநர் பெயரிலேயே விழா எடுக்கிறீர்கள். கோதார் வாரம், குரோசவா வாரம். ஒரே ஒரு தடவை நடிகர் பெயரில் எடுங்கள். வெள்ளி மாலை ‘பென்னிஸ் வீடியோ’. அதை எடுத்தவுடன் போட்டால் பாதிப்பேர் ஓடிவிடுவார்கள் என்று பொருளாளர் சொல்வார், ஓடட்டும், இடம் தாராளமாகக் கிடைக்கும். சனிக்கிழமை ‘கடைசிச் சாட்சி’யில் ஒரு பகுதியும், உடனே ‘டாஸ் ஷ்லாஸ்’ஸும். சப்டைட்டில் இல்லாத பகுதிதான் கிடைக்கிறதென்றால் பக்கத்திலிருந்து வசனத்தைத் தமிழில் வாசிக்க நான் ஆள் கூட்டி வருகிறேன், டப்பிங்காரர்களுக்கு அது ஒரு வேலையே இல்லை. ஜெர்மன் கலாச்சார மையமான மாக்ஸ் முல்லர் பவனில் எழுதிக் கேட்டால் சில படங்களுக்காவது வழி சொல்வார்கள், கடிதம் எழுதுவது என் பொறுப்பு. ஐந்தாவது முறையாக ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ ஞாயிறு மாலை இருக்கட்டும். அறிமுக உரை மட்டும் வேண்டாம். கட்டாயம் யாராவது பேசியே ஆக வேண்டும் என்றால் அலெக்சாண்டர்பிளாட்ஸ் பற்றி ஐந்து நிமிஷம் பேசட்டும், கடிகாரத்தை நான் பார்த்துக்கொள்கிறேன். மனைவி விஷயத்தைப் பேச்சில் எடுத்தால் மைக் ஒயரைப் பிடுங்குவேன், எனக்கு எந்த ஒயர் என்று தெரியும்.

ஞாயிறு காலைக் காட்சி ஒன்று பாக்கி இருக்கிறது. 1995-ல் வந்த ‘ரென்ஷ்வைன் ரூடி ர்யூசல்’. குலுக்கலில் ஒரு பன்றிக்குட்டியைப் பரிசாகப் பெற்று, அதைப் பந்தயப் பன்றியாக வளர்க்கிற குடும்பத்தின் கதை. பன்றியோடு மல்லாடுகிற அப்பா வேறு யாருமில்லை, நம்ம காப்டன் வீஸ்லர்தான். இதுவும் அந்த முகம்தான் என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள். குழந்தைகளுக்கு டிக்கெட் வேண்டாம் என்று முடிவெடுங்கள். என் பேரனும் அவன் சிநேகிதர்கள் ஐந்தாறு பேரும் வருவார்கள், முன்வரிசை அவர்களுக்கு. அன்றைக்குச் சமோசா என் செலவு.

இப்படிக்கு,
ஏசிக்குக் கீழே உட்காரும் உறுப்பினன்